நிர்வாக இயக்குநர் கழுதையும் திரும்பி வந்த காசோலையும்

ஒரு காட்டில் வங்கிக் கிளை திறந்த வருஷம் நடந்தது இது. நல்லசிவம் என்ற நரி, ஆற்றங்கரையில் பறவைகளுக்கான சுற்றுலா விடுதி ஆரம்பித்தது. நாற்பது தொங்கும் அறைகள். மரகதம் என்ற தூக்கணாங்குருவி அந்த வேலையை ஒப்பந்தம் எடுத்து, சொந்தபந்தம் எல்லாரையும் கூட்டிவந்து மூன்று மாதம் நார் கிழித்துப் பின்னியது.

இதற்கு நடுவே நரி, சலவைத்துறையில் மூட்டை சுமந்துகொண்டிருந்த கோதண்டம் என்ற கழுதையைப் போய்ப் பார்த்தது.

"சார், எங்க கம்பெனிக்கு நீங்கதான் நிர்வாக இயக்குநரா வரணும்."

கழுதை திரும்பிப் பார்த்தது. பின்னால் யாரும் இல்லை. பிறந்ததிலிருந்து அதை ஒருவரும் 'நீங்க' என்றதில்லை. கண் கலங்கிவிட்டது.

"எனக்கு என்ன வேலைங்க?"

"கையெழுத்துப் போடணும், சார். மத்த தொல்லையெல்லாம் நான் பாத்துக்கறேன்."

கழுதை அரைநாள் பழகி, வால் சுழித்தாற்போல ஒரு கையெழுத்தைக் கண்டுபிடித்தது. காசோலைப் புத்தகம் முழுவதும் போட்டுக் கொடுத்துவிட்டுத்தான் நிமிர்ந்தது.

வேலை முடிந்ததும் அதில் ஒரு தாளைக் கிழித்து, தொகையை எழுதி, மரகதத்திடம் கொடுத்தது நரி. வங்கியில் காசாளராக இருந்த கொக்கு அதைக் கண்ணாடி வழியாகப் பார்த்துவிட்டு ஒரு சீட்டோடு திருப்பித் தந்தது. 'கணக்கில் போதிய பணம் இல்லை.'

குருவிக்குக் கூட்டில் நான்கு குஞ்சுகள். மழைக்காலம் வேறு. அழுதுகொண்டே கீரிப்பிள்ளை வக்கீலிடம் ஓடியது.

"அழாதீங்கம்மா. இது கிரிமினல் குற்றம். முப்பது நாளுக்குள்ள நோட்டீஸ் விடுவோம். கைக்குக் கிடைச்சு பதினஞ்சு நாள்ல பணம் தரலைன்னா, உள்ளதான்."

நோட்டீஸ் போய்ச் சேர்ந்தது. தன் பெயருக்கு வந்த முதல் பதிவுத் தபால் என்பதால் கழுதை பூரித்துப்போய் வாங்கிக்கொண்டது.

"இதுக்குப் பதில் எழுத வேண்டாமா?" என்று நரியிடம் கேட்டது.

"பெரிய ஆளுங்களுக்கு இப்படி நிறைய வரும், சார். பதில் போட்டா மரியாதை போயிடும்."

பதினைந்து நாள் போயிற்று. வழக்கு மூன்று வருஷம் நடந்தது. நீதிபதி எருமை இருபத்தேழு முறை வாய்தா கொடுத்து, கடைசியில் கழுதையைக் கூண்டில் ஏற்றியது.

"இந்தக் கையெழுத்து யாருடையது?" என்று கீரிப்பிள்ளை கேட்டது.

"என்னோடதுதான் ஐயா. நல்லா இருக்குங்களா?"

கீரிப்பிள்ளை உட்கார்ந்துவிட்டது. கேட்க வேறு கேள்வியே இல்லை. அடுத்து நரி வந்து, தான் அந்தக் கம்பெனியில் வெறும் ஆலோசகர் என்று சத்தியம் செய்தது. காகிதங்களைப் புரட்டிப் பார்த்தார்கள். நரியின் பெயர் எதிலும் இல்லை.

கழுதைக்கு ஒரு வருஷம் சிறை. காசோலைத் தொகையைப் போல இரண்டு மடங்கு அபராதம், அதை மரகதத்துக்குக் கொடுக்க வேண்டும். கழுதையின் சொத்தைத் தேடினார்கள். முதுகில் தழும்புகள் மட்டும் இருந்தன.

ஜெயித்த குருவி மனசு கேட்காமல் சிறைக்குப் போனது.

"என்னை மன்னிச்சிருங்க. நான் நரி உள்ள போகும்னுதான் நினைச்சேன்."

"உங்கமேல கோபம் இல்லம்மா," என்றது கழுதை. "அவருக்குத்தான் உடம்புக்கு ஏதாவது ஆயிடுச்சோ என்னவோ. ஒரு தடவைகூட என்னைப் பாக்க வரலை."

குருவி வெளியே வந்து வேலிமேல் உட்கார்ந்து கொஞ்சம் அழுதது. பிறகு கொஞ்சம் யோசித்தது. இப்போது வக்கீல் பாக்கியும் சேர்ந்திருந்தது.

மறுவாரம் மரகதம் மேய்ச்சல் நிலத்துக்குப் பறந்துபோய், ஒரு செம்மறியாட்டின் பக்கத்தில் பணிவாக இறங்கியது.

"உங்களுக்கு எழுதப் படிக்கத் தெரியுங்களா?"

"என் பேரை மட்டும் எழுதுவேன்."

"அது போதும்," என்றது மரகதம்.

நீதி: கணக்கில் பணம் இல்லாதது குற்றமில்லை, காசோலையில் கையெழுத்து உன்னுடையதாக இருப்பதுதான் குற்றம்.