வயலினுக்குப் பிறகு வரும் பெயர்கள்

லிஃப்ற் கதவு மூடியதுமே எதிர்வீட்டு ஐரிஷ் கிழவர் ஹாலரன், பஸ்ரியனின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"வருகிற சனி எத்தனை பேர்?" என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

"ஐந்து."

"நல்லது, நல்லது."

கிழவரின் கண் கலங்கியிருந்தது, வாயோ சிரித்தது. பஸ்ரியன் கையை மெல்ல விடுவித்துக்கொண்டான். அவன் சனிக்கிழமைகளில் தமிழ் வானொலியில் மரண அறிவித்தல் வாசிக்கிறவன்.

அது தொண்ணூற்றாறாம் ஆண்டு. ஊரில் சண்டை, அறிவித்தலுக்குக் குறைவில்லை. முன்னால் போட ஒரு சோக இசை தேடியபோது, ஸ்காபரோவின் மோர்னிங்சைட் தெருவில் பழைய சாமான் கடையொன்றில் ஐரிஷ் இசைத்தட்டு ஒன்று அகப்பட்டது. தொடக்கத்தில் வயலின் அழுத அழுகை அவனுக்குப் போதும். பாடகர் வாய் திறக்குமுன் ஊசியைத் தூக்கிவிட்டு, அந்த அரை நிமிடத்தை மட்டும் கசற்றில் பதிந்தான். அதன்பிறகு பெயரும் பிறந்த ஊரும் வாசிப்பான். இப்போது அந்த வயலின் கேட்டால் ஸ்காபரோத் தமிழர்கள் சாப்பாட்டில் வைத்த கையை அப்படியே நிறுத்திவிடுவார்கள்.

அடுத்த கிழமை ஏழு பேர். கிழவரின் உற்சாகத்தைக் குறைக்க, இரண்டு என்று சொல்லிவைத்தான். கிழவரின் முகம் வாடிவிட்டது. மற்றவர்கள் பாவம் என்றார். மனம் கேளாமல் மறுகிழமை ஒன்பது என்றான். அன்றைக்கே கிழவர் கேக் செய்து கொண்டுவந்து தந்தார்.

மனைவி மக்டலீன் அதைக் குசினி மேசையில் வைத்து, தீர்த்தம் தெளித்தாள்.

"இஞ்சேருங்கோ, உந்த மனுசன் சாவைக் கொண்டாடுது. உதில வாய் வைச்சிடாதேங்கோ."

வெறும் தட்டைத் திருப்பிக் கொடுக்கப் போன பஸ்ரியன், கிழவரின் மேசையில் வானொலிப் பெட்டிக்குப் பக்கத்தில் ஒரு கொப்பியைக் கண்டான். அவன் வாசித்த பெயர்களெல்லாம் கோணல்மாணலான ஆங்கிலத்தில் வரிசையாக இருந்தன. ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் சிறு சிலுவை. கடைசிப் பக்கத்தில் பஸ்ரியன், மக்டலீன். பக்கத்தில் கேள்விக்குறி.

"உன் பெயரை எப்போது வாசிப்பாய்?" என்று கிழவர் அன்பாகக் கேட்டார்.

பஸ்ரியன் அந்தச் சனிக்கிழமையே வயலினை மாற்றி வீணையைப் போட்டான். அது போதாதா? மறுநாள் காலையில் கிழவர் கோட்டும் ரையுமாக வாசலில் நின்றார். பழைய பாட்டே வேண்டுமென்று கெஞ்சினார். தன் பெயரும் ஊரும் எழுதிய துண்டொன்றைக் கையில் திணித்தார்.

"வருகிற சனி என்னையும் வாசி. நாள் குறித்தாயிற்று."

கதவைச் சாத்திவிட்டு பஸ்ரியன் நிலத்தில் இருந்துவிட்டான். "மனுசன் உயிரை விடப்போகுது, மக்டலீன். நாங்கள்தான் காப்பாற்ற வேணும்."

பயம் ஒருபக்கம், இரக்கம் ஒருபக்கம். மக்டலீன் மூன்று வேளையும் இடியப்பம் கொண்டுபோகும் சாட்டில் மருந்துப் போத்தல்களை எண்ணிவந்தாள். பஸ்ரியன், கடன் கேட்பதுபோல அவரிடமிருந்த கத்திகளையெல்லாம் வாங்கி வந்தான். பாதிரியாரையும் அனுப்பினான். கிழவர் பாவசங்கீர்த்தனம் செய்துவிட்டு, முன்னையிலும் சந்தோசமாகிவிட்டார். இருவருக்கும் நித்திரை போயிற்று.

சனிக்கிழமை பஸ்ரியன் துண்டைச் சட்டைப்பையிலேயே வைத்துக்கொண்டான். வாசிக்காவிட்டால் சாகமாட்டார் என்று ஏதோ ஒரு நம்பிக்கை. நிகழ்ச்சி முடிந்ததும் வீட்டுக்கு ஓடிவந்தான்.

கிழவரின் கதவு திறந்து கிடந்தது. கட்டிலில் விரிப்பில்லை. அலுமாரி வெறுமையாயிருந்தது. மேசையில் கொப்பி மட்டும் கிடக்க, கிழவரின் மருமகள் ஜன்னல்களைச் சாத்திக்கொண்டிருந்தாள்.

பஸ்ரியன் வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டான். "எப்போது... எப்போது போனார்?"

"ஐந்து நிமிடமாயிற்று. இதை உங்களிடம் கொடுக்கச் சொன்னார்."

அவள் கொப்பியை நீட்டினாள். கடைசிப் பக்கத்தில் ஹாலரன் என்ற பெயரும் ஏறியிருந்தது, சிலுவையும் போட்டாயிற்று. பஸ்ரியன் தேம்பித் தேம்பி அழத் தொடங்கினான்.

அவள் திகைத்துப்போய் அவன் தோளைத் தட்டினாள். "விமானத்தில் அயர்லாந்துக்குத்தானே போகிறார், நீங்கள் போடும் வயலின் பாட்டே ஊர் திரும்புகிறவன் பாடுவது, அதனால்தான் அதன்பிறகு நீங்கள் பெயரும் ஊரும் வாசித்த எல்லாரும் பத்திரமாக ஊர் போய்ச் சேர்ந்துவிட்டார்கள் என்று சந்தோசப்பட்டு, உங்கள் பெயரும் சீக்கிரம் வரவேண்டும் என்று தினமும் செபித்தார்."