மாப்பிள்ளை ஊர்வலத்துக்குச் சம்மதக் கையெழுத்து

அரியலூர்.

அன்பு மகள் பூவிழிக்கு அப்பா அய்யாக்கண்ணு ஆசிகளுடன் எழுதுவது. என் இடது முழங்காலைத் தவிர இங்கு எல்லோரும் சௌக்கியம். உன் வேலை நிரந்தரமாக வேண்டும் என்று அம்மா கல்லங்குறிச்சி பெருமாளுக்கு வேண்டிக்கொண்டிருக்கிறாள்.

நிற்க. உன் கம்பெனி எடுக்கும் சுண்ணாம்புக்கல் லாரிகளைப் பற்றிய ஆவணப்படத்துக்குப் பழைய அரியலூர்க் கடைத்தெரு வேண்டும் என்று ஊரெல்லாம் தேடி, கடைசியில் எங்கள் கல்யாண கேசட்டிலேயே கண்டுபிடித்தாயே, மாப்பிள்ளை ஊர்வலத்துக்குப் பின்னால் லாரிகள் மாட்டிக்கொண்டு நிற்கும் காட்சி, அதில் முகம் தெரிகிற எல்லோரிடமும் சம்மதம் வாங்கினால்தான் படத்தில் சேர்ப்பார்கள் என்றாய். இதென்ன பெரிய காரியம் என்று கிளம்பினேன். வீடியோ எடுத்த ஜோதி உரிமைத் தாளில் உடனே கையெழுத்துப் போட்டார். உன் குஞ்சம்மாள் அத்தைதான் வாசலிலேயே நிறுத்திவிட்டாள். "கல்யாணத்துக்குக் கூப்புடப் பெரியவங்க ஜோடியா வந்தாங்க. இப்ப அதை ஒலகத்துக்கே காட்டப்போறீங்க, தனியா ஒரு தாளோட வந்து நிக்கிறீங்களேண்ணே?" என்றாள். அப்புறம் உன் அம்மாவும் நானும் தாம்பாளத்தில் வெற்றிலை பாக்கு பழம் வைத்து, அதன்மேல் உன் கம்பெனித் தாளையும் வைத்து வீடு வீடாகப் போனோம். பாதிப் பேர் உனக்குக் கல்யாணம் என்று நினைத்தே கையெழுத்துப் போட்டார்கள். இல்லை என்று சொன்ன வீடுகளில் "ஏன் இன்னும் பண்ணல?" என்று உட்காரவைத்துக் கேட்டதால், பிறகு நான் யாரையும் திருத்தவில்லை.

மிஞ்சியது உன் பெரியப்பா பஞ்சநாதன். ஊர்வலக் காரில் முன்சீட்டை அம்மாவின் மாமாவுக்குக் கொடுத்துவிட்டோம் என்று நடுத்தெருவில் துண்டை உதறிக்கொண்டு போனவர், அன்றிலிருந்து நம் வாசற்படியை மிதிக்கவில்லை. உனக்கு வேண்டிய காட்சியில் பளிச்சென்று தெரிவதே அந்த உதறல்தான். உன் வேலைக்காகத்தான் அம்மாவையும் கூட்டிக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். "நான் கோவிச்சுக்கிட்டுப் போனதை ஊரு பாத்தது பத்தலியா, டிவியில வேற காட்டணுமா?" என்றார். உன் அம்மா நீ அனுப்பிய காட்சியைப் போனில் ஓட்டி அவர் கையில் கொடுத்தாள்.

"நான் இவ்ளோ ஒல்லியாவா இருந்தேன்?" என்றார். மறுபடி ஓட்டச் சொன்னார். அப்புறம், "பின்னாடி மாலையோட ஓடியாறது யாரு?" என்று கேட்டார்.

"நான்தாண்ணே. கார்லேருந்து குதிச்சு ஓடியாந்தேன். நீங்க திரும்பியே பாக்கல."

"சொன்னாங்கடா. சும்மா சமாதானத்துக்குச் சொல்றாங்கன்னு நெனச்சேன்."

எனக்கு அழுகை வந்துவிட்டது, வெட்கமில்லாமல் அழுதேன். அவர் கையெழுத்துப் போட்டுவிட்டு, படம் எப்போது வரும் என்று விசாரித்தார்.

எல்லாத் தாள்களும் இத்துடன் உள்ளன. வேளைக்குச் சாப்பிடு. உன்னோடு தங்கியிருக்கும் அபிநயாவுக்கும் எங்கள் ஆசிகள்.

இப்படிக்கு,
அப்பா

பி.கு.: உறையை ஒட்டப்போகும்போதுதான் உன் வாட்ஸ்அப் செய்தியைப் பார்த்தேன். இயக்குநர் அந்தக் காட்சியே வேண்டாம் என்று வெட்டிவிட்டார், கையெழுத்து தேவையில்லை, வேலை எப்படியும் நிரந்தரமாகிவிட்டது என்று எழுதியிருக்கிறாய். சந்தோஷம். ஆனால் இதை வெளியே மூச்சு விடாதே. உன் பெரியப்பா இப்போது நம் கூடத்தில் உட்கார்ந்து அம்மா போட்ட காபியைக் குடித்துக்கொண்டிருக்கிறார். படம் வர ரொம்ப நாளாகும் போலிருக்கிறது என்று மட்டும் சொன்னேன். "எப்ப வருதுன்னு எப்புடிடா தெரிஞ்சுக்கறது?" என்றார். "அப்பப்ப வூட்டுக்கு வந்து கேட்டுட்டுப் போங்கண்ணே" என்று சொல்லியிருக்கிறேன்.