ஹிந்தி டப்பிங் தீர்க்கதரிசி

உலகம் எப்படி அழியப்போகிறது என்பதை டிவியில் முன்கூட்டியே பார்த்துவிட்டு வந்து நம்மைப் பயமுறுத்தும் ஓர் இனம் உண்டு. வெள்ளறடையில் எங்களுக்கு வாய்த்தவர் ரெத்தினதாஸ்.

சிறுவயதில் பூனாவில் பேக்கரி வேலை பார்த்தவர்; ஹிந்தி அங்கே படித்ததாகச் சொல்லிக்கொள்வார். எந்திரங்கள் மனிதனை விழுங்குகிற, வாரம் ஒரு தனிக்கதையாக வரும் அந்த வெளிநாட்டுத் தொடரை அவர் ஹிந்தி டப்பிங்கில்தான் பார்ப்பார். தமிழும் மலையாளமும் கலந்து பேசுகிற ஊர். தொடர் இரண்டிலும் கிடைக்கிறது. ரிமோட்டில் ஓர் அமுக்கு போதும். அமுக்க விடுவாரா? ஞாயிறு தோறும் அக்கம்பக்கத்தைக் கூட்டி உட்காரவைத்து, மரச்சீனிக் கிழங்கும் பால் விடாத கட்டன்சாயாவும் கொடுத்து, நிமிஷத்துக்கொரு தரம் படத்தை நிறுத்தி, கண்ணை உருட்டி விளக்கம் சொல்வார். எங்களுக்கு ஹிந்தி தெரியாது. அதுதான் அவருடைய மூலதனம்.

"மாமா, தமிழ்லயும் உண்டு," என்றாள் பக்கத்து வீட்டு அமிர்தா.

"தமிழ்ல கேட்டா பயம் வராது மக்கா. ஹிந்தியாக்கும் இதுக்குள்ள பாஷை."

அன்றைய கதையில் ஒரு பெண் கேமராவைப் பார்த்துப் பேசினாள். ரெத்தினதாஸ் நிறுத்தினார். "மனசிலாச்சா? வேலை தாறோம்னு சொல்லி அவளுக்க முகத்தை எடுத்துட்டானுவ. இனி அந்த முகம் அவளுக்கில்ல."

அமிர்தாவின் அம்மா செல்லபாய் அதை அப்படியே நம்பிவிட்டாள். மறுநாள் காலையில்தான் மகளுக்குத் திருவனந்தபுரத்துக் கம்பெனி ஒன்றின் நேர்காணல், லேப்டாப் வழியாக. படித்து முடித்து வீட்டில் முடங்கிக் கிடந்தவளுக்கு முதலில் வந்த அழைப்பு அது. நேரம் வந்ததும் செல்லபாய் லேப்டாப் கேமராவில் பிளாஸ்திரி ஒட்டி, அதன்மேல் விரலையும் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

"முகம் காணுந்நில்லல்லோ," என்று முகம் தெரியாததை மலையாளத்தில் சொன்னது கம்பெனி.

"அம்மா, கையை எடு. உனக்கு புண்ணியமாப் போகும்!"

"முகம் போனா உன்னை எவன் கெட்டுவான்? பேசாம இரி பிள்ளே!"

கம்பெனி கொஞ்ச நேரம் பொறுத்தது. பிறகு வேறொருத்தியை எடுத்துக்கொண்டது.

அமிர்தா அழுது முடித்து, அதே கதையைத் தமிழில் போட்டுப் பார்த்தாள். அந்தப் பெண் யாருக்கும் முகத்தைப் பறிகொடுக்கவில்லை. ஊரார் முகத்தையெல்லாம் திருடுகிறவளே அவள்தான்! நேரே ரெத்தினதாஸ் வீட்டுக்குப் போய் முகத்துக்கு நேராகக் கேட்டாள்.

"மாமாக்கு ஹிந்தி தெரியுமா, தெரியாதா?"

வெட்கம் என்று ஒன்று இருந்தால் தலை குனிந்திருக்கும். மனிதர் செருமிக்கொண்டு, "தமிழ்ல டப்பிங் பண்ணினவன் கதையை மாத்திட்டான் மக்கா," என்றார்.

அன்று மாலையே வாட்ஸ்அப் குடும்பக் குழுவில் அவருடைய வாய்ஸ் மெசேஜ் வந்தது: "நம்ம ஊர்ல ஒரு பிள்ளைக்க வேலையை டெக்னாலஜி தின்னுபோட்டு. நான் அன்னைக்கே சொன்னேன், கேட்டியளா?"

அது பனச்சமூடு தாண்டி, அம்பூரி ஏறி, பாறசாலை இறங்கி, உங்கள் போனுக்கும் வந்திருக்கும். பாதி கேட்டதுமே "ஐயோ பாவம்" என்று நாலு பேருக்குத் தள்ளிவிட்டீர்களே, அந்தப் பிள்ளை யார் என்று விசாரித்தீர்களா?