சங்கிலி சுகமடைந்த வரலாறு

ஒரு காலத்தின் வரலாற்றை அரசர்கள் எழுதுவதில்லை, அறிஞர்களும் எழுதுவதில்லை. வெள்ளவத்தையில், காலி வீதியில், ஒரு நகைக்கடைக்கு மேலே இரண்டாம் மாடியில் ஞாயிறுதோறும் கூடுகின்ற ‘கொழும்பு இலக்கிய மேன்மைப் பேரவை’யின் திருத்தக் குழுவே எழுதுகிறது. இதை நான் தற்பெருமையாகச் சொல்லவில்லை. பேரவையின் செயலாளர் என்ற முறையில், உரிய அடக்கத்தோடு பதிவு செய்கிறேன்.

நாடு வங்குரோத்தாகி, பெற்றோலுக்கும் சமையல் காஸுக்கும் பால்மாவுக்கும் சனம் தெருவில் கிடந்த அந்த ஆண்டு கழிந்து சிறிது காலம் சென்றிருந்தது. எங்கள் தலைவர் வலன்ரைன் ஒரு கேள்வியை எழுப்பினார். தலைவர் கொட்டாஞ்சேனைக்காரர். ஏதோவொரு திணைக்களத்தில் பிரதிப் பணிப்பாளராக இருந்து ஓய்வுபெற்றவர். கூட்டத்தில் யாராவது இருமினால்கூடத் தன்னிடம் அனுமதி பெற்றிருக்கலாம் என்று நினைப்பவர். நாளைய தலைமுறை இந்தக் காலத்தை எதைக் கொண்டு அறியும் என்று அவர் கேட்டார். குழு ஆழ்ந்து சிந்தித்தது. அதற்குள் தேநீர் வந்தது. தேநீர் முடிந்ததும், ‘காலத்தின் சாட்சி’ என்ற பெயரில் ஒரு சிறுகதைத் தொகுப்பு வெளியிடுவதென்று ஏகமனதாகத் தீர்மானித்தோம்.

நூல் வெளியிடுவதில் எங்களுக்கென்று ஒரு மரபு உண்டு. விவரமில்லாத ஊர்களில் முதலில் கதையை எழுதுவார்கள், பிறகு அச்சடிப்பார்கள், கடைசியில்தான் விழா வைப்பார்கள். நாங்கள் முதலில் மண்டபத்தைப் பிடிப்போம். அடுத்ததாக முதற்பிரதி பெறுபவரைத் தெரிவு செய்வோம். பொன்னாடைகளுக்கும் சிற்றுண்டி றோல்ஸுக்கும் சொல்லிவைத்த பிறகும் நேரமிருந்தால் கதைகளைப் பார்ப்போம்.

முதற்பிரதி பெறுவதற்கு நிரோஷன் முதலாளியைவிடப் பொருத்தமானவர் கிடையாது. கொட்டாஞ்சேனையில் காஸ் ஏஜென்சி வைத்திருப்பவர். எழுத்தாளர்களை மதிக்கத் தெரிந்தவர். தட்டுப்பாடு உச்சத்தில் இருந்தபோது, இலக்கியப் பணி தடைப்பட்டுவிடக் கூடாதே என்று கவலைப்பட்டு, கடையின் பின்வாசலால் எங்கள் குழுவினர் ஒவ்வொருவர் வீட்டுக்கும் சிலிண்டர் அனுப்பிவைத்த பெருந்தகை. ஆகவே எங்களில் ஒருவரும் வரிசையில் நிற்க நேரவில்லை. காலத்தைச் சற்றுத் தள்ளி நின்று, நிதானமாக நோக்கும் வாய்ப்பு எங்களுக்கு இப்படித்தான் கிடைத்தது.

கதைகள் வந்தன. பெரும்பாலானவை நிலவைப் பற்றியவை. சில மழையைப் பற்றியவை. காலத்தைப் பற்றி ஒன்றே ஒன்று வந்தது.

அதை எழுதியவர் ஜெயராணி. மட்டக்குளியில் ஒரு பாலர் பாடசாலையில் படிப்பிப்பவர். தபாலில் அனுப்பாமல் பஸ் ஏறி நேரே கொண்டுவந்தார். கதை அவருடைய கணவரைப் பற்றியது. சங்கிலி என்று பெயர். கொட்டாஞ்சேனையில் லொறிகளுக்கு மூட்டை ஏற்றும் நாட்டாமி வேலை. காஸ் வரிசையில் இரவு பகலாக நின்றார். முன்பக்கம் ஷட்டர் பாதி இறங்கியிருக்க, பின்பக்கத்தால் சிலிண்டர்கள் ஓட்டோவில் ஏறிப்போவதைப் பார்த்துக்கொண்டே நின்றார். மூன்றாம் நாள் வெயிலில் விழுந்தார். எழும்பவில்லை. கதை அவ்வளவுதான். கடையின் பெயர் அதில் இல்லை. ஆனால் ஷட்டரின் நிறம் இருந்தது.

கதைக்குச் சன்மானம் எதுவும் கிடையாது என்று முன்கூட்டியே சொன்னேன். அவர் அதைக் காதில் வாங்கவில்லை.

“பேப்பர்ல ‘வரிசையில் நின்ற ஒருவர் மரணம்’னு போட்டாங்க சேர்,” என்றார். “அந்த ஒருவருக்குப் பேரு இருக்கு. அது ஒரு இடத்துலயாவது அச்சுல வரணும். எனக்கு வேற ஒன்னும் வேணாம்.”

எங்கள் பேரவை இருப்பதே அதற்காகத்தான் என்று வாக்குக் கொடுத்தேன்.

திருத்தக் குழு கூடியது. பெயரிலேயே சிக்கல் வந்தது. கிருலப்பனையிலிருந்து வருகின்ற எங்கள் விமர்சகர் கலாநிதி ஜெனிஸ்டன்தான் அதைக் கண்டுபிடித்தார். வருடத்துக்கொரு கோட்பாடு என்று தம்மைப் புதுப்பித்துக்கொள்பவர். சங்கிலி என்பது யாழ்ப்பாணத்தை ஆண்ட மன்னரின் பெயர், மூட்டை தூக்குகிறவருக்கு அதை வைப்பது வரலாற்றுக்கு இழுக்கு என்றார். மூட்டை தூக்கியவரின் தாய் ஏற்கெனவே வைத்துவிட்டாரே என்று நான் பணிவோடு சுட்டிக்காட்டினேன். தாயிடம் விளக்கம் கோரும் அதிகாரம் குழுவுக்கு இல்லை. எனவே பெயரை நீக்கி, ‘ஒருவர்’ என்று போட்டோம்.

அடுத்தது காஸ். தலைவர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார்.

“முதற்பிரதி வாங்கிற மனுசன்ர கடை வாசலில ஒருத்தரை விழுத்திப்போட்டு, பிறகு அவரையே மேடைக்குக் கூப்பிடுறதோ? பண்பில்லாத வேலை,” என்றார்.

சிலிண்டரை எடுத்துவிட்டோம். வரிசை மட்டும் மிஞ்சியது. எதற்கென்று தெரியாமல் ஒரு மனிதர் மூன்று நாள் நிற்பது யதார்த்தத்துக்கு முரண் என்று ஜெனிஸ்டன் சொன்னார். பெற்றோலுக்கு நிற்கட்டும் என்று யோசித்தோம். முதலாளியின் மைத்துனருக்குப் பெற்றோல் ஷெட் இருந்தது. பால்மாவுக்கு என்றால், பின்னட்டை விளம்பரம் தருபவரே பால்மா இறக்குமதியாளர். பாஸ்போர்ட்டுக்கு என்றால், வாழ்த்துரை வழங்கும் குடிவரவு அதிகாரிக்கு மனம் நோகும். இந்த நாட்டில் யாருடைய மனமும் நோகாமல் ஒரு மனிதர் வரிசையில் நிற்பது எவ்வளவு கடினம் என்பதை அன்றுதான் உணர்ந்தோம். கடைசியில் தலைவரே வழிகாட்டினார். ஆடிவேல் திருவிழாத் தேரைத் தரிசிக்க நிற்கட்டும். கத்தோலிக்கரான அவர் வாயிலிருந்தே அந்த யோசனை வந்ததால், சமய நல்லிணக்கமும் கதைக்குள் தானாகவே வந்து சேர்ந்தது.

மரணம் பாக்கியிருந்தது. ‘ஆசிரியரின் மரணம்’ என்ற கோட்பாட்டை உலக விமர்சனம் ஒப்புக்கொண்ட பிறகு, பாத்திரமும் இறப்பது கூறியது கூறல் என்று ஜெனிஸ்டன் வாதிட்டார். தலைவர் அவ்வளவு தூரம் போகவில்லை. மங்கள விளக்கேற்றுகிற மேடையில் சாவு வேண்டாம் என்று மட்டும் சொன்னார். மரணத்தை மயக்கமாக்கினோம். அடுத்த வாரம் மயக்கத்தைப் பக்திப் பரவசமாக்கினோம். ‘ஒருவர்’ கண் விழித்தார், எழுந்தார், முகத்தில் ஒளி துலங்க வீடு நோக்கி நடந்தார். வாசித்து முடித்தபோது குழுவில் கண் கலங்காதவர் இல்லை.

அச்சகத்தில் பக்கம் அமைக்கிற மர்லியா மட்டும் தொலைபேசியில் என்னிடம் ஒன்று கேட்டாள்.

“சேர், இந்த மனிசன் ஒவ்வொரு புரூஃபுலயும் கொஞ்சங் கொஞ்சமா சொகமாகிட்டு வாராரே, டொக்டர் யாரு?”

தொழில்நுட்பப் பணியாளர்கள் உள்ளடக்கத்தில் தலையிடுவது முறையல்ல என்று விளக்கினேன்.

இந்த முன்னேற்றங்களை ஜெயராணிக்கு அறிவிக்கவில்லை. எழுத்தாளரிடம் கேட்டுக்கொண்டு திருத்தினால் எந்த நூலும் வெளிவராது.

விழா சிறப்பாக நடைபெற்றது. தமிழ்மொழி வாழ்த்து, ஆசியுரை, வாழ்த்துரை, தலைமையுரை எல்லாம் கிரமமாக நடந்தன. மட்டக்குளியிலிருந்து ஜெயராணி ஒரு வேன் நிறையச் சனத்தைக் கூட்டிவந்திருந்தார். சங்கிலியோடு மூட்டை தூக்கியவர்களும் அவர்கள் குடியிருந்த தொடர்மாடியின் பெண்களுமாகப் பின்வரிசைகளில் அடக்கமாக இருந்தார்கள். எங்கள் விழாக்களில் பின்வரிசை நிறைவது அபூர்வம். தலைவர் மிகவும் மகிழ்ந்தார்.

நிரோஷன் முதலாளி முதற்பிரதியைப் பெற்று, அதை மார்போடு அணைத்தபடி படத்துக்கு நின்றார். ஜெனிஸ்டன் ஆய்வுரையில், ஒரு காலத்தின் சிந்தனையும் வாழ்வும் இந்நூலில் அப்படியே பதிவாகியுள்ளன என்றார். அந்த நேரத்தில்தான் ஓர் அசம்பாவிதம் நடந்தது. முன்வரிசையில் இருந்த ஜெயராணி நூலைத் திறந்து வாசிக்கத் தொடங்கினார். விழா நடக்கும்போதே நூலை வாசித்தவர் எங்கள் பேரவையின் வரலாற்றில் இவர் ஒருவரே. அது மரபல்ல.

ஏற்புரைக்கு அவரை அழைத்தேன். மேடையேறினார். நான் போர்த்திய பொன்னாடையை எடுத்து மடித்து மேசையில் வைத்தார். ஒலிவாங்கியைப் பிடித்தார்.

“எங்க வீட்டுக்காரரு பேரு சங்கிலி,” என்றார். “இதுல அது இல்ல. நீங்க யாருமே இனி அச்சுல பார்க்க மாட்டீங்க, அதனால வாயால சொல்லிட்டேன்.”

பின்வரிசையில் யாரோ விம்மினார்கள். ஜெயராணி முதலாளியின் பக்கம் பார்க்கவேயில்லை. எங்கள் குழுவைத்தான் பார்த்தார்.

“காஸுக்கு நின்னவரு தேர் பாக்க நின்னதா போட்டிருக்கீங்க. சரி. கண்ணு முழிச்சு எழும்பி வீட்டுக்கு நடந்தாருன்னும் போட்டிருக்கீங்க. படிக்கிறப்ப நெஞ்சு பதறிப்போச்சு சேர். ஒரு நிமிஷம் நெசமாவே எழும்பிட்டாருன்னு நெனச்சுட்டேன். ஆனா அவரு வீடு வந்து சேரல. கடைசியா அவர பார்த்தது நீங்கதான். எங்க விட்டீங்க?”

முதலாளிக்கு அவசரமாக ஒரு தொலைபேசி அழைப்பு வந்தது. தலைவர் நிகழ்ச்சிநிரலைப் புரட்டினார். ஜெயராணி நூலை ஒலிவாங்கிக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு இறங்கிப் போனார். அவரோடு வந்தவர்களும் எழுந்து போனார்கள். நான் நன்றியுரை வழங்கினேன். றோல்ஸ் மிஞ்சிவிட்டன.

ஆனால் பேரவை விமர்சனத்துக்கு அஞ்சுகிற அமைப்பு அல்ல. அடுத்த ஞாயிறே குழு கூடி, அந்தப் பெண்மணியின் முறைப்பாட்டை விரிவாக ஆராய்ந்தது. ஒரு மனிதரை எழுப்பிவிட்டு நடுத்தெருவில் விட்டது கதையின் கட்டமைப்பில் நேர்ந்த குறை என்று ஜெனிஸ்டன் பெருந்தன்மையோடு ஒப்புக்கொண்டார். சாதாரண குடிமக்களின் குறையை இவ்வளவு விரைவாகத் தீர்த்துவைக்கிற நிறுவனம் இந்த நாட்டில் வேறொன்று இருப்பதாக நான் அறியேன். இரண்டாம் பதிப்பில் ‘ஒருவர்’ வீடு வந்து சேர்ந்துவிடுவார். கைகால் கழுவி, மனைவி பரிமாறச் சுடச்சுடச் சோறு சாப்பிடுவார்.

அடுப்பு எதில் எரிந்தது என்பதை மட்டும் எழுத வேண்டாமென்று நிரோஷன் முதலாளி கேட்டுக்கொண்டிருக்கிறார்.