முந்நூறு கோஸும் ஒரு நாற்காலியும்

இந்தத் தடவை மனைவி மிரானை வீட்டை விட்டு நகரவிடுவதில்லை என்று மான்சிக் சபதமே எடுத்துவிட்டார்.

ஊரின் கடலோரச் சேற்றுக்கரையை மண் கொட்டித் தூர்க்கப்போகும் கம்பெனி அவருக்கு மேற்பார்வையாளர் வேலை தருவதாகச் சொல்லியிருந்தது. வேலை என்றால் சும்மா இல்லை, சுழலும் நாற்காலி. ஒரே நிபந்தனைதான். மாவட்ட அதிகாரி பார்வையிட வரும் நாளில் கரையில் ஓர் எதிர்ப்புக் குரலும் கேட்கக்கூடாது.

அந்த ஊரில் எதிர்ப்புக் குரல் என்றாலே அவர் மனைவிதான். கிழிந்த மீன்வலைகளைப் பொறுக்கி உடுப்பாகத் தைத்துக்கொண்டு, முழங்கால் சேற்றில் நண்டாகவும் நாரையாகவும் ஆடுவாள். ஆட்டம் முடிந்ததும் பேச்சு. "கடலையும் பொம்பளையையும் ஒரு வார்த்தை கேட்டுட்டா எதையும் செய்யறாங்க?" என்று அவள் ஆரம்பித்தால் ஊர் ஆண்களுக்குத் திடீரென்று வேறு வேலை வந்துவிடும்.

மான்சிக் மூளையைக் கசக்கினார். அதிகாரி வருவதற்கு முந்தின நாள் முந்நூறு கோஸ் வாசலில் இறங்கியது.

"என்னங்க இது?"

"கிம்ச்சி ஊறுகாய் போடத்தான். குளிர் வந்துடுச்சில்ல? நாளைக்கே முடிச்சுடு."

"நாம ரெண்டு பேர்தானே. முந்நூறா?"

"எனக்குப் பசி ஜாஸ்தி."

மிரான் அவரை ஏற இறங்கப் பார்த்தாள். "நாளைக்கு ஆட்டம் இருக்கேங்க."

"கோஸ் வாடிடுமே."

"அதுவும் சரிதான்" என்றாள். அவ்வளவு சுலபமாக அவள் ஒத்துக்கொண்டு முப்பது வருஷம் ஆகியிருந்தது. மனிதருக்கு அப்போதாவது சந்தேகம் வந்திருக்க வேண்டும். நாற்காலி கண்ணை மறைத்துவிட்டது.

கிம்ச்சி போடுகிற வீட்டுக்குக் கூப்பிடாமலே ஊர்ப் பெண்கள் அத்தனை பேரும் கை கொடுக்க வருவார்கள் என்பதை அவர் மறந்தே போனார். விடிந்ததும் முற்றம் நிறைய சிவப்புக் கையுறைகள்.

"கடல் தண்ணியில ஊறினாத்தான் ருசி. டிராக்டரை எடுங்க" என்றாள் மிரான்.

"அங்கயா? இன்னைக்கா?"

"கோஸ் வாடிடுமேங்க."

இத்தனை பெண்கள் பார்க்க என்ன சொல்வது? அவரே ஓட்டிப்போனார். அதிகாரி கம்பெனி மேலாளரோடு வந்து இறங்கியபோது ஊரே சேற்றில் நின்று கோஸ் அலசிக்கொண்டிருந்தது. நடுவில் வலை உடுப்பில் மிரான் நாரையாகச் சிறகு விரித்தாள். அலசிய பெண்கள் கோஸும் கையுமாக அவளோடு சேர்ந்து ஆடினார்கள்.

"யார் ஏற்பாடு இது?" என்று அதிகாரி கேட்டார்.

"எங்க வீட்டுக்காரர்தான். கோஸ்கூட அவர் வாங்கினது" என்றாள் மிரான்.

"ஐயையோ, நான் இல்..." என்று மான்சிக் வாய் திறந்தார். திறந்த வாய்க்குள், மிளகாய் விழுதை வழிய வழியச் சுருட்டிய கோஸ் இலையை மிரான் திணித்தாள். கிம்ச்சி போடும் இடத்தில் ஊட்டியதைத் துப்பினால் ஊர் மன்னிக்காது. மென்றார். கண்ணீர் தாரை தாரையாகக் கொட்டியது.

அதிகாரி உருகிப்போனார். கம்பெனி மேலாளரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே மான்சிக்கின் கையைப் பிடித்துக் குலுக்கினார். "கடலுக்காக அழற ஆம்பளையை இன்னைக்குத்தாங்க பாக்கறேன்."