மாமியின் பெயரில் ஒரு வீடு

மரியாதை தெரிந்தவனுக்கு ஜெர்மனியில் வீடு கிடைக்காது. இதை நான் எங்கேயும் அடித்துச் சொல்லுவேன். நம்பாதவர்கள் எசன் நகரத்தில் எங்கள் வீட்டு அழைப்புமணியில் எழுதியிருக்கும் பெயரை வந்து பாருங்கள்.

அப்போது என் மனைவி பவானிக்கு எட்டு மாதம். ஒற்றை அறையில் நான், அவள், அவளுடைய அம்மாவான என் மாமி. தொட்டில் வைத்தால் நான் வெளியில்தான் படுக்க வேண்டும். போன இடமெல்லாம் எங்கள் பெயரைக் கேட்டதும் "இப்போதுதான் கொடுத்தோம்" என்றார்கள். கடைசியில் ஒரு கிழவர் தன் வீட்டை வந்து பார்க்கச் சொன்னார். கலியாணக் கோட்டைப் போட்டுக்கொண்டு போனேன். மாமியைக் கூட்டிப் போனதுதான் பிழை. (இதை உரக்கச் சொன்னால் இன்றைக்கும் எனக்குச் சோறு கிடையாது.)

கிழவர் கதவைத் திறந்தார். மாமி விறைத்துப்போய் நின்றார்.

"தம்பி, இவன்தானே லீசலைப் பனிக்குள்ள துரத்தினவன்!"

மாமி டொச், அதுதான் ஜெர்மன் மொழி, படித்தது வகுப்பில் அல்ல. பின்னேரத் தொலைக்காட்சியில் போடும் பழைய கிராமத்துப் படங்களில். இரண்டாம் உலகப் போர் முடிந்த காலத்துப் படங்கள். மலை, மாடு, பாட்டு, லீசல் மாதிரி ஓர் ஏழைப்பெண், அவளுடைய பண்ணையைப் பறிக்கும் ஒரு முறுக்குமீசை. அந்த மீசை எந்தப் படத்தில் வந்தாலும் மாமி ரிமோட்டை ஓங்குவார். இப்போது மீசை இல்லை. முழி மட்டும் அப்படியே இருந்தது.

"சும்மா இருங்கோ மாமி, வீடு போயிடும்!"

"அந்தப் பிள்ளையின்ர வீடு போனது உங்களுக்குப் பெரிசில்லையோ?"

"என்ன சொல்கிறார்?" என்று கிழவர் ஆவலாகக் கேட்டார். நான்தான் மரியாதைக்காரன் ஆயிற்றே!

"மன்னிக்க வேண்டும். உங்களை யாரோ நடிகர் என்று நினைத்துவிட்டார். நீங்கள் நடிகராக இருக்க முடியாதென்று பார்த்தாலே தெரிகிறது" என்றேன். கூடவே சிரித்தும் வைத்தேன்.

கிழவரின் முகம் கறுத்தது. "வீடு இப்போதுதான் போனது" என்று கதவைச் சாத்தப் போனார்.

மாமி இடுக்கில் காலை வைத்துவிட்டார். படத்தில் படித்த டொச்சிலேயே வெளுத்து வாங்கினார்: "கல்நெஞ்சக்காரா! அன்றைக்கு லீசல், இன்றைக்கு என் மகளா?"

கதவு அகலத் திறந்தது. கிழவரின் கண் கலங்கியிருந்தது. எங்களை உள்ளே இருத்திக் கோப்பி ஊற்றினார். எனக்கு அரைக் கோப்பைதான்! மாமியின் மீசைக்காரன் இவரேதான். படத்துக்குப் படம் அதே மீசை, அதே சவுக்கு, கடைசியில் சாணிக்குழிக்குள் விழுவது. அதுதான் அவருடைய தொழில். பெண்ணை எப்போதும் மற்றவன் கொண்டுபோனான். அந்த வகைப் படங்கள் ஓய்ந்ததும் அவரை எவரும் கூப்பிடவில்லை.

"ஒருகாலத்தில் சந்தையில் ஒருத்தி என்மேல் உருளைக்கிழங்கால் எறிந்தாள். இப்போது திட்டக்கூட ஆளில்லை" என்றார்.

மாமி மூக்கை உறிஞ்சினார். "நல்லாத்தான் நடிச்சிருக்கிறார், நாசமாப் போவார்."

வீடு கிடைத்தது. ஆனால் யாருடைய பெயரில்? "என் தொழிலை மதித்தவரோடுதான் ஒப்பந்தம்" என்று கிழவர் ஒரே பிடியாக நின்றார். கோட்டுப் போட்டவன் நான், வேலைக்குப் போகிறவன் நான், மாதாமாதம் வாடகை கட்டுகிறவன் நான். அப்பாவியைத் திட்டித் தீர்த்த மாமி வீட்டுக்காரியாம்! இதெல்லாம் ஒரு நியாயமா?

அன்று வயிற்றில் இருந்த மகள் இப்போது என் தோளுக்கு வளர்ந்துவிட்டாள். நான் கொஞ்சம் குரலை உயர்த்தினால் போதும், மாமி தனக்கில்லாத மீசையை முறுக்குவார். மகள் ஓடிப்போய்க் கதவைத் திறந்து பிடிப்பாள். "என் பண்ணையை விட்டு வெளியே போ!" என்று இரண்டு பேரும் டொச்சில் கத்துவார்கள். பவானி சிரித்துச் சிரித்து வயிற்றைப் பிடிப்பாள்.

நானும் கோபத்தோடு வெளியே போய்விடுவேன். திரும்பி உள்ளே வர அழைப்புமணியில் மாமியின் பெயரைத்தான் அழுத்த வேண்டியிருக்கிறது.