ஏணி வழக்கில் சுயம்பு ஜெயித்த விதம்

இந்தத் தாரீக்கில், அதாவது கோர்ட் வாய்தாவில், நசீரைக் கவிழ்த்துவிட்டுத்தான் மறுவேலை என்று சுயம்பு சபதம் போட்டான். ஆறு வருஷமாக ஒவ்வொரு தாரீக்குக்கும் இதே சபதம்தான்.

தாராவியில் அவன் வாசலை ஒட்டி, பக்கத்து வீட்டு நசீர் தன் மாடி அறைக்கு இரும்பு ஏணி வைத்திருந்தார். அதனால் தன் வாசலின் லட்சணமே கெடுகிறதென்று சுயம்பு கேஸ் போட்டான். நாலடிச் சந்தில் வாசலுக்கு ஏது லட்சணம்? கோர்ட்டுக்குப் போக ஒரு சாக்கு. அந்த நாளில் குர்லா பட்டறைக்கு லீவு, இஸ்திரி போட்ட சட்டை, வெளியே ரெண்டு வடாபாவ். வீட்டில் மட்டும் ஐயா ஒரு குடம் தூக்கமாட்டார்.

"ராஜி பேசி முடிச்சிருவோமா?" என்றாள் மனைவி முத்துமாரி.

"நானா? ராஜியா?"

"நசீர் அண்ணன் ஏணிய பின்பக்கம் மாத்த ஒத்துக்கிட்டாரு."

"ஒத்துக்கிட்டானா? தோத்துட்டான்னு சொல்லுட்டி!"

"வக்கீல் எழுதுன ராஜிப் பேப்பர் இங்கிலீஷ்ல இருக்கு. அவரையே வாசிச்சுக் காட்டச் சொல்லுங்க."

"எனக்கு இங்கிலீஷ் தெரியாதுங்கியா?"

முதல் பக்கத்தில் 'லேடர்' என்ற சொல்லைக் கண்டுபிடித்தான். அதோடு படிப்பு முடிந்தது. எல்லாப் பக்கத்திலும் பெரிதாகக் கையெழுத்துப் போட்டான்.

கோர்ட்டில் ஜட்ஜ் இந்தியில் கேட்டார். படித்தாயா, புரிந்ததா, யாரும் கட்டாயப்படுத்தினார்களா?

"ஏக் ஏக் லைன் படா, சாப்!" என்று, ஒரு வரி விடாமல் படித்தவனைப் போல, சுயம்பு முழங்கினான். ராஜிப்படி டிக்ரி ஆயிற்று. பின் பெஞ்சில் நசீரின் மனைவி நூர் நிஷா, முத்துமாரியின் தொடையில் மெதுவாகக் கிள்ளினாள்.

ஏணி பின்பக்கம் போனது. மறுநாள் காலை ஐந்து மணிக்கு சுயம்புவின் போர்வையும் போனது.

"எந்திரிங்க, தண்ணி வந்துட்டு."

"அதுக்கு நான் என்னட்டி பண்ண?"

"நாலாவது ஷரத்து. ஏணி பின்னால போனதுல நூர் நிஷா மைனிக்குக் குழாய் தூரமாயிட்டு. அதனால வாதிதான் தினமும் தண்ணி பிடிச்சு ஊத்தணும். ரெண்டு வீட்டுக்கும்."

"நம்ம வீடு எப்படிட்டி உள்ள வந்துச்சு?"

"நாந்தான் சேக்கச் சொன்னேன்."

பதினாலு குடம் தூக்கிய கையோடு, மாட்டுங்காவில் இருக்கும் தன் வக்கீல் வேங்கடசுப்ரமணியனுக்கு போன் போட்டான். அப்பீல் பண்ண வேண்டும் என்று அலறினான்.

"சம்மதிச்ச டிக்ரிக்கு ஏது ஓய் அப்பீல்? வாசிச்சுக் காட்டறேன்னு ரெண்டு தரம் சொன்னேன். 'எனக்கேவா?'ன்னேள். ஜட்ஜ்கிட்ட வேற அப்படிக் கத்தினேள்!"

போனை வைத்துவிட்டு சுயம்பு இடுப்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தான். முகத்தில் சாகப்போகிறவனின் களை.

"இடுப்பு போச்சு. நாளையிலருந்து முடியாது. என்ன செய்வ?"

முத்துமாரி நிதானமாகக் கடைசிப் பக்கத்தைப் புரட்டினாள்.

"ஒம்பதாவது ஷரத்து. வாதிக்கு முடியுமா முடியாதான்னு தகராறு வந்தா, நடுவர் சொல்லுததுதான் முடிவு."

சுயம்புவுக்கு உயிர் வந்தது.

"அப்படிப் போடு! யாரு நடுவரு? நியாயமான ஆளாப் பாத்துத்தானே போட்டிருக்கிய?"

"நாந்தான். முடியும். இன்னும் ரெண்டு குடம் பாக்கி."